முட்டை போடாத ஸ்கோன்

பெயின்ட் கடையில் வாங்கிய சின்ன பிரஷ் அது. சுவருக்கு அல்ல, ஸ்கோன் என்கிற குட்டி இங்கிலீஷ் ரொட்டிக்கு. என் மாமியாரை நான் அத்தை என்றுதான் கூப்பிடுவேன். அவர் மாவைப் பிசைந்து, வட்டம் வட்டமாக வெட்டி, தட்டில் அடுக்கிவிட்டு, "நீ தடவும்மா" என்று பிரஷை என்னிடம் நீட்டுவார். அடித்த முட்டையைத் தொட்டு மேலே தடவுவேன். ஓவனிலிருந்து வெளியே வரும்போது பொன்னிறமாக மினுங்கும். கல்யாணமாகி ஜெலுத்தோங் ஃபிளாட்டுக்கு வந்த புதிதில் சமையலறையில் எனக்குக் கிடைத்த ஒரே உத்தியோகம் அதுதான்.

அந்த வருஷம் எதிர்வீட்டு அக்காவின் கணவர், நான் அண்ணன் என்று கூப்பிடுகிறவர், மோட்டார் சைக்கிளில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் நினைவில்லாமல் கிடந்தார். அண்ணன் பிழைத்து வரவேண்டும் என்று அக்கா தைப்பூசத்துக்குப் பால்குடம் நேர்ந்துகொண்டு, நாற்பத்தெட்டு நாள் விரதம் இருந்தார். மீன், இறைச்சி, முட்டை எதுவும் கூடாது. கடை ரொட்டியைத் தொடவே மாட்டார். நாங்கள் கத்தோலிக்கர்கள், எங்கள் வீட்டுச் சாப்பாட்டையும் தொடமாட்டார் என்றுதான் நினைத்தேன். அத்தை விடவில்லை. கான்வென்ட்டில் படித்தபோது கற்றுக்கொண்ட ஸ்கோனைச் சுட்டு எடுத்துக்கொண்டு போய், "முட்டை போடலம்மா. மாவு, பட்டர், பால், அவ்ளோதான் லா. சாப்பிடு" என்று பக்கத்திலேயே உட்கார்ந்து சாப்பிட வைத்தார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்து, அதை மட்டும் சாப்பிட்டுவிட்டு அக்கா படுத்துக்கொண்ட நாள்கள் உண்டு.

அத்தை பொய் சொல்லவில்லை. மாவில் முட்டை கிடையாது. மேலே தடவுவதை அவரும் நினைக்கவில்லை, நானும் நினைக்கவில்லை. பொட்டு வைப்பது மாதிரி அது ஏதோ அலங்காரம் என்று இருந்துவிட்டோம் போலிருக்கிறது. இப்படியும் ஒருவர் இருக்க முடியுமா என்று கேட்கலாம். இருந்தோம். அண்ணனும் பிழைத்து வந்தார். அக்கா பால்குடம் எடுத்தார்.

அத்தை காலமாகி நான்கு வருஷமாகிறது. அக்கா குடும்பம் சிம்பாங் அம்பாட்டுக்கு மாறிப்போய்விட்டது. போன வாரம் அக்கா போன் செய்தார். மகளுக்கு ஆபரேஷனாம், மறுபடியும் விரதமாம். "அந்த முட்டை இல்லாத ரொட்டி எப்படிம்மா செய்றது? அளவு சொல்லேன்." அளவெல்லாம் எனக்குக் கையோடு வருவது, ஒருமுறை செய்து பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றேன். செய்தேன். முட்டையை உடைத்துக் கிண்ணத்தில் ஊற்றிய பிறகுதான், மேலே தடவுவதும் முட்டைதானே என்று உறைத்தது. பிரஷை அப்படியே கீழே வைத்துவிட்டேன்.

அன்றிலிருந்து மண்டைக்குள் ஒரே குழப்பம். அத்தைக்குத் தெரிந்திருந்ததா? ஒருநாள் முட்டைக்குப் பதிலாகக் கிண்ணத்தில் பால் வைத்தார். ஏன் என்று கேட்டதற்கு "முட்டை தீந்துபோச்சு" என்றார். ஃபிரிஜ்ஜில் முட்டை இருந்ததாக ஞாபகம். அது விரத நாளா, விரதம் முடிந்த பிறகா என்பது பிடிபடவில்லை. ஈஸ்டருக்கும் கிறிஸ்துமஸுக்கும் மட்டுமே சாமியாரிடம் பாவத்தைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்கிறவர், ஒரு சாதாரணச் சனிக்கிழமை எங்கள் மாதா கோயிலுக்குப் போய் அந்த வரிசையில் நின்றதும் ஞாபகம் வருகிறது. இரண்டும் ஒரே வாரமா, இல்லை நானாகச் சேர்த்துவைக்கிறேனா? விரதம் முறிந்துபோனது என்றால் அண்ணன் எப்படிப் பிழைத்தார்? முறியவில்லை என்றால் நான் ஏன் பயப்படுகிறேன்? ஜெபமாலை சொல்கிற உனக்கு முருகனிடம் என்ன பயம் என்றும் என்னையே கேட்டுப் பார்த்தேன். பயமாகத்தான் இருந்தது.

மேலே பால் தடவச் சொல்லி அளவை அனுப்பிவிட்டு, வாயை மூடிக்கொள்ளலாம் என்று முடிவுசெய்தேன். அப்படியே அனுப்பினேன். நேற்றுக் காலை அக்கா கூப்பிட்டார்.

"நல்லா வந்துச்சும்மா. ஆனா வெளுத்துப்போய் இருக்கு. உங்க வீட்டுது பளபளன்னு இருக்குமே, உங்க அத்தை மேல என்னா தடவுவாங்க?"

பின்னால் அண்ணன் யாரிடமோ சத்தமாகச் சிரித்துப் பேசுவது கேட்டது. பொய் சொல்ல வாய் வரவில்லை.

"முட்டைதான்க்கா," என்றேன். "தடவுனது நான்தான்."

அக்கா மெதுவாகக் கேட்டார். "உங்க அத்தைக்கு இது தெரியுமா?"

"சரியா தெரியலக்கா. பின்னாடி தெரிஞ்சிருக்கும்னுதான் நெனைக்கிறேன்."

"ஐயோ பாவம்," என்றார் அக்கா. "யார்கிட்டயும் சொல்லாம எவ்ளோ தவிச்சிருப்பாங்க. நாளைக்குக் கோயிலுக்குப் போறேன். அவங்களுக்கும் சேத்து முருகன்கிட்ட மன்னிப்பு கேட்டுக்கிறேன்."

என்னைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. தடவியது நான்தான் என்று சொன்னேனே, அது அவர் காதில் விழவில்லையா, விழுந்தும் விட்டுவிட்டாரா, இன்னும் எனக்குப் புரியவில்லை.