சாலை நடுவே அடுப்பு

கல்குவாரியில் அவளுக்கு வாயாடி என்று பட்டம். வைத்தது அவளுடைய மாமியார். கல்யாணத்துக்கு முன்னால் மாமியார் அவள் வீட்டு வாசலில் வந்து நின்று, "என் மகனை விட்டுடு" என்று சத்தம் போட்டாராம். இவள் கதவை நன்றாகத் திறந்துவிட்டு, "நான் என்ன கட்டியா வச்சிருக்கேன்? உள்ளதான் இருக்காரு. வந்தா கூட்டிட்டுப் போங்க" என்றாளாம். மகன் வரவில்லை. அன்றிலிருந்து அந்த அம்மா அவளோடு பேசுவதை நிறுத்திவிட்டார்.

பேசாமல் இருந்துவிட முடியுமா? எல்லோருக்கும் ஒரே வரிசையில் கம்பெனி வீடு, ஒரே தண்ணீர்க் குழாய். மாமியார் தன் வாளியைப் பார்த்து, "சில பேருக்கு வரிசைன்னா என்னன்னே தெரியாது" என்பார். இவள் தன் குடத்தைப் பார்த்து, "சில பேருக்கு விடிஞ்சதும் வாய் அரிக்குது" என்பாள். நான் டிப்பர் லாரி ஓட்டிக்கொண்டிருந்தேன். வண்டி கழுவத் தண்ணீர் பிடிக்கப் போய், இதைக் கேட்பதற்காகவே கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வருவேன்.

அவள் புருஷன் பாறையில் துளை போடுகிறவர். அவள் பேச்சில் பாதிகூட அவருக்குக் கிடையாது. பல வருஷம் அந்த மிஷினைப் பிடித்துக் கல் பொடியைச் சுவாசித்ததில் நெஞ்சு போய்விட்டது. முதலில் இருமல். பிறகு பாறைக்கு ஏறும் வழியில் பாதியிலேயே உட்கார்ந்துவிடுவார். கம்பெனி டாக்டர் சளி என்று மாத்திரை கொடுத்தார். கடைசியில் கம்பெனி அவரை வேலையை விட்டு நிறுத்தியது. வேலை இல்லாதவருக்கு வீடு இல்லை என்பது அங்கே சட்டம்.

அதே நிலையில் இன்னும் இரண்டு வீடுகள் இருந்தன. ஒன்று, அவரோடு ஒன்றாக வேலை பார்த்து அதே இருமலில் விழுந்த கூட்டாளியின் வீடு. இன்னொன்று, மிஷினுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்து செத்துப்போனவரின் மனைவி இருந்த வீடு. ஒரு நாள் காலையில் வாட்ச்மேன்கள் வந்து மூன்று வீட்டுச் சாமான்களையும் வெளியே வைத்துப் பூட்டுப் போட்டார்கள். கூட்டாளி குடும்பமும் அந்த விதவையும் தலையைக் குனிந்துகொண்டு, வளைவில் இருந்த டீக்கடைத் தாழ்வாரத்துக்குப் போனார்கள்.

வாயாடி போகவில்லை. தூறல் விழுந்துகொண்டிருந்தது. புருஷன் கட்டிலில் குனிந்து உட்கார்ந்து மூச்சுக்குத் திணறிக்கொண்டிருந்தார். மகள் புத்தகப் பையை மடியில் வைத்துக்கொண்டு, "அம்மா, பசிக்குது" என்றது. அவள் சுற்றுமுற்றும் பார்த்தாள். வீட்டை ஒட்டிச் சாலை. சாலைக்கு அந்தப் பக்கம் கிடுகிடு பள்ளம். மண்ணெண்ணெய் அடுப்பைத் தூக்கிக்கொண்டு போய் நடுச்சாலையில் வைத்தாள். பற்றவைத்து, மேலே குடையைப் பிடித்துக்கொண்டு, உருளைக்கிழங்கை வேகப் போட்டாள்.

லோடோடு இறங்கி வந்த முதல் வண்டி என்னுடையது. வளைவில் திரும்பியதும் புகை தெரிந்தது. பிரேக்கை மிதித்த மிதியில் என் டீ டம்ளர் பறந்து கண்ணாடியில் மோதியது.

"தங்கச்சி, கொஞ்சம் ஓரமா போம்மா. பின்னாடி வண்டி வருது."

"ஓரம் எங்கண்ணே இருக்கு? காட்டுங்க, போறேன்."

எட்டிப் பார்த்தேன். ஒரு பக்கம் பூட்டின வீடு, மறு பக்கம் பள்ளம். நான் எந்த ஓரத்தைக் காட்ட? இறங்கி டயருக்குக் கட்டை கொடுத்துவிட்டு இன்ஜினை அணைத்தேன்.

கொஞ்ச நேரத்தில் என் பின்னால் வண்டிகள் மலை மேல்வரை வரிசையாக நின்றன. மேனேஜர் ஜீப்பில் வந்து இறங்கினார். வந்ததும் என்மேல்தான் பாய்ந்தார்.

"ஏன்யா நிறுத்தினே? எடு வண்டியை!"

"அடுப்பு எரியுது சார். ஏத்திட்டுப் போகவா?"

அவர் அவள் பக்கம் திரும்பினார். "இங்க பாரும்மா, ரூல்ஸ் ரூல்ஸ்தான். போலீஸைக் கூப்பிட வேண்டியிருக்கும்."

"கூப்பிடுங்க சார். எத்தனை பேர்னு முன்னாடியே சொல்லிட்டா, அவங்களுக்கும் சேத்து வேக வச்சிடுவேன்."

அப்போதுதான் மாமியார் வந்தார். இடுப்பில் ஒரு நாற்காலி. சண்டை இன்னும் பெரிதாகப் போகிறது என்றுதான் நாங்கள் நினைத்தோம். அந்த அம்மா நாற்காலியை அடுப்புக்குப் பக்கத்தில், மேனேஜருக்கு நேராகப் போட்டு, புடவையைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்தார்.

மேனேஜருக்கு ஒரு நம்பிக்கை. "நீங்க பெரியவங்க. உங்க மருமகளுக்கு நீங்களாவது எடுத்துச் சொல்லுங்க."

"என் பேச்சை அவ என்னிக்குக் கேட்டிருக்கா?" என்றார் மாமியார். "நான் எழுந்திருன்னு சொன்னா அதுக்காகவே இன்னும் பத்து நாள் உக்காருவா. சொல்லவா?"

வாயாடி கரண்டியால் கிளறிக்கொண்டே இருந்தாள். ஆனால் அவள் முகம் மாறியதை நான் பார்த்தேன். குடையைக் கொஞ்சம் நகர்த்தி, பாதி மாமியார் தலைக்கு மேல் வரும்படி பிடித்தாள்.

வண்டி இறங்காததால் மேலே கல் தேங்கியது. கீழே ஜல்லி உடைக்கிற கிரஷர் நின்றுபோனது. வெடி வைக்கிறவர்கள், கல் சுமக்கிறவர்கள் எல்லோரும் ஒவ்வொருவராக இறங்கி வந்து சாலையில் உட்கார்ந்தார்கள். டீக்கடையிலிருந்து அந்த இரண்டு குடும்பங்களும் வந்து தயங்கி நின்றன.

மத்தியானம் மேனேஜர் குரலைத் தாழ்த்திக்கொண்டு வந்தார். "உன் வீட்டை மட்டும் திறந்துவிடறேன். உன் வீட்டுக்காரர் இருக்கிறவரைக்கும் இருந்துக்கோ. மத்தவங்க விஷயத்துல தலையிடாதே."

கட்டிலில் இருந்தவர் அதைக் கேட்டுவிட்டார். "சரின்னு சொல்லு. என்னால முடியல. படுக்கணும்."

அவள் வாயடைத்து நின்றதை அன்றைக்குத்தான் பார்த்தேன். மேனேஜரும் போலீஸும் அவளுக்கு ஒரு பொருட்டே இல்லை. அந்த மனுஷன் கெஞ்சினது அவளை உலுக்கிவிட்டது. கட்டிலுக்குப் பக்கத்தில் மண்டியிட்டு, அவர் நெஞ்சைத் தடவிக்கொடுத்தாள். கண்ணில் நீர் முட்டியது.

"ஏங்க, உங்க கூட்டாளி அங்க நிக்கிறாரு பாருங்க. நாம உள்ள போயிட்டா அவரு எங்க படுப்பாரு?"

அவர் பார்த்தார். கூட்டாளியும் சுவரைப் பிடித்துக்கொண்டு இருமிக்கொண்டிருந்தார். புருஷன் கட்டில் சட்டத்தைப் பிடித்து நிமிர்ந்தார்:

"அப்போ கட்டிலைச் சுவர் பக்கமா இழுத்துப் போடு. இங்க காத்து அடிக்குது."

நாலு டிரைவர்கள் பாய்ந்துபோய்க் கட்டிலைத் தூக்கினோம். அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"மூணு பூட்டு சார். மூணு சாவியும் வேணும்."

மேனேஜர் ஜீப்பில் ஏறிப்போய் மேலிடத்துக்குப் போன் செய்தார். என்ன பேசினார்களோ தெரியாது. பொழுது சாய்வதற்குள் வாட்ச்மேன் சாவிகளோடு வந்தான். அவள் முதலில் தன் வீட்டைத்தான் திறந்தாள். அவரைப் படுக்க வைக்க வேண்டியிருந்தது.

கம்பெனி சும்மா விடவில்லை. என்னை டிப்பரிலிருந்து இறக்கிப் பணிமனையில் டயர் கழுவவிட்டது. மாமியார் இருந்தது மூத்த மகன் வீட்டில். அவனுக்கு ஷிப்ட் மாற்றி மாற்றிப் போட்டு அலைக்கழித்தார்கள். அவள் புருஷன் அடுத்த குளிர்காலத்தைத் தாண்டவில்லை. கடைசி மாதங்களில் மாமியாரும் மருமகளும் மாறி மாறி அவரைப் பார்த்துக்கொண்டார்கள். சண்டை மட்டும் ஓயவில்லை. ஆனால் இப்போது நேருக்கு நேர் முகம் பார்த்தே சண்டை.

அவர் போய்ச் சில நாளிலேயே ஆபீஸ் ஆள் வந்து, "எப்போ காலி பண்றீங்க?" என்று கேட்டான்.

"எனக்கு வேலை குடுங்க. வேலை பாக்குறவளுக்கு வீடு உண்டுல்ல?" என்றாள்.

இன்னொரு முறை சாலையில் அடுப்பு எரிய யாரும் விரும்பவில்லை. கிரஷரில் வேலை கொடுத்தார்கள். போன முதல் வாரமே, கல் விழுகிற இடத்தில் தண்ணீர் தெளிக்கிற குழாய் வைக்காமல் அங்கே நிற்கமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். "என் வீட்டுக்காரரு முழுங்கின பொடி போதும்." மற்ற பெண்களும் கூடையைக் கவிழ்த்துவிட்டு அவளோடு உட்கார்ந்தார்கள். மாதக்கணக்கில் இழுபறி. பாதிக் கூலிக்கு வேறு ஆட்களைக் கொண்டுவந்து பார்த்தார்கள். அவர்களோடும் பேசி உட்காரவைத்துவிட்டாள். கடைசியில் குழாய் வந்தது.

இன்றைக்கும் அங்கேதான் இருக்கிறாள். மகள் கீழே ஊரில் நர்ஸாக இருக்கிறாள். அவள் வந்து கூப்பிட்டாலும் இவள் போகமாட்டேன் என்கிறாள். நான் குவாரி வேலையை விட்டு வருஷங்களாகிவிட்டன; போன வாரம் அந்தப் பக்கம் போனபோது கிரஷர் ஓடவில்லை. பெண்கள் எல்லாம் கல்மேட்டில் உட்கார்ந்து கதை பேசிக்கொண்டிருந்தார்கள்.

"என்ன தங்கச்சி, லீவா?"

"கையுறை கேட்டிருக்கோம்ணே."

"குடுப்பாங்களா?"

"குடுக்காம எங்க போவாங்க?" என்று சொல்லிவிட்டு, நான் உட்கார இடம் விட்டு நகர்ந்துகொண்டாள்.