பிரதிவாதியின் வணக்கம்

சுரக்குடியில் என் கொல்லையை ஒட்டிய நிலத்துக்காக என்னோடு மேல்முறையீடு வரை வழக்காடியவரை நான் பிரதிவாதி என்றே குறிப்பிடுவேன். ஒல்லியான உடல், வெளுத்த வேட்டி, சிரிப்பை மறைக்கும் மீசை. எங்கே கண்டாலும் "வணக்கம், வாதி சார்!" என்று தெருவே கேட்கும்படி சொல்வது அவர் வழக்கம்.

இறுதித் தீர்ப்பு எனக்கே சாதகமாக வந்தது. நிலமும் அதன் மேலுள்ள அனைத்தும் எனக்கு உரியவை. அமீனா வந்து அளந்து ஒப்படைத்தபோது பிரதிவாதி மறுப்பின்றி நின்றார். அந்த அடக்கத்தை நான் சந்தேகித்திருக்க வேண்டும்.

ஆடி பிறந்ததும் வீட்டுக்கு வந்தார். "வாதி சார், நெலத்து மூலையில இருக்குற முனியும் இப்ப உங்களுதுதாங்க. சேவல், சுருட்டு, சாராயம் வச்சுப் படைக்கணும். இதுவரைக்கும் நாங்க படைச்சோம்."

எங்களுடையது தலைமுறைகளாகச் சைவக் குடும்பம். "முனியை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள்," என்றேன்.

"ஐயையோ, தீர்ப்ப மீறுறதா? இனிமே அப்பீலே கெடையாதுன்னு ஊரெல்லாம் நீங்கதானே சொன்னீங்க! படையல் தவறுனா, ஊருல ஒரு மாடு செத்தாலும் உங்களத்தாங்க கேப்பாங்க."

நிலத்துக்காரர் தம் கையால் வாங்கி வைத்தால்தான் முனி ஏற்பாராம். ஊரும் அதையே சொன்னது.

பக்கத்திலுள்ள திருநள்ளாற்றில் என்னை அறியாதவர் இல்லை. ஆகவே காரைக்கால் வரை பேருந்தில் சென்று, குடையைத் தாழ்த்திப் பிடித்துச் சாராயக்கடை வரிசையில் நின்றேன். எதிர்ப்புறத்திலிருந்து தெளிவாகக் கேட்டது:

"வணக்கம், வாதி சார்!"

வழக்கில் தோற்றவர் அவர்தான். ஆனாலும் அந்தக் குரலில் இருந்த மகிழ்ச்சியைத் தீர்ப்பு வந்த நாளில்கூட நான் அடைந்ததில்லை.