ஓஸெல்லா யாருக்கும் முழுதாகச் சொல்லாத டீ கேக்

பக்கத்து வீட்டு ஓஸெல்லாவுக்குத் தன் நிழல் மேலேயே சந்தேகம். பால்காரர் பாட்டிலைக் கொஞ்சம் ஓரமாக வைத்துப் போனால், "ஏன் அங்க வச்சான்?" என்று யோசிப்பாள். ஆனால் டீ கேக் சுடுவதில் அவளை அடிக்க எங்கள் ஜார்ஜியா ஊரில் ஆள் கிடையாது. தட்டையாக, வட்டமாக, ஓரம் மட்டும் சிவந்து, நடுவில் மெத்தென்று இருக்கும். எங்கள் சர்ச் சபையில் கல்யாணமோ சாவோ, மேஜையில் அவள் தட்டுதான் முதலில் காலியாகும்.

பக்குவம் கேட்டு வருகிறவர்களை அவள் துரத்த மாட்டாள். சிரித்துக்கொண்டே சொல்வாள், ஒரு சாமானை மட்டும் விட்டுவிட்டு. எங்கள் பெண்கள் எல்லோரும் செய்கிற காரியம்தான். அதை யாரும் பொய்யில் சேர்ப்பதில்லை. ஓஸெல்லா ஒரு படி மேலே போனாள். ஆளுக்கு ஒன்றை மாற்றி மாற்றி விட்டாள்.

"பாட்டுக்குழு எர்லீனுக்கு மோரைச் சொல்லல. நாளைக்கு எவ கேக்காவது மோர் இல்லாம வறவறன்னு இருந்தா, எர்லீன் வாய்தான் ஓட்டைன்னு தெரிஞ்சிரும்ல?" என்று என்னிடம் பெருமையாகச் சொன்னாள். எனக்கு அடுப்பு மூட்டவே சோம்பல், அதனால் அவளுக்கு என்மேல் மட்டும் பயமில்லை.

அந்த ஜூலையில் ஒரு அடக்கத்துக்குப் பிறகு நடந்த சாப்பாட்டில் அதே பாட்டுக்குழு லூவினியா ஒரு தட்டு டீ கேக் கொண்டுவந்து வைத்தாள். ஓஸெல்லா ஒன்றைக் கடித்தாள். மென்றாள். முகம் செத்துவிட்டது. லூவினியாவுக்குச் சொல்லாமல் விட்ட ஜாதிக்காய் உட்பட எதுவும் குறையவில்லை, அப்படியே அவளுடைய கேக்.

அவள் அடுப்படிக்குள் போய் வருகிற ஒரே ஆள் கணவர் கிளியோபஸ். முடிவெட்டும் கடைக்காரர், கத்திரி ஓடினால் வாயும் ஓடும். அவளுக்கு இது போதாதா?

"யார்கிட்ட சொன்னீங்க?"

"என்னத்த?"

"நடிக்காதீங்க. லூவினியா புருஷன் உங்க கடைக்குத்தானே வரான்?"

"அவன் தலையில முடியே கிடையாதுடி!"

"அப்போ எதுக்கு வரான்?"

அன்றிலிருந்து ஜாதிக்காய் அவளுடைய பைபிள் பைக்குள் போயிற்று. சுடும்போது ஜன்னலில் போர்வை தொங்கியது. அவர் தண்ணீர் குடிக்க வந்தாலும் பாத்திரத்தை மூடினாள். அவர் சிரித்தால் குற்றம், சிரிக்காவிட்டால் அதைவிடக் குற்றம். எனக்கே ஆத்திரமாக வந்தது.

ஒருநாள் கிளியோபஸ் என் வேலியோரம் வந்து நின்றார். "ஹோம்கமிங் ஞாயிறு முடிஞ்சதும் சவானாவுக்கு, அண்ணன் வீட்டோட போயிடறேன், மோஸெல். திருடனுக்குக்கூட ஜெயில்ல நிம்மதியா தண்ணி தராங்க."

வெளியூர்க்காரர்கள் எல்லாம் சபைக்குத் திரும்பும் அந்த ஞாயிறும் வந்தது. சாப்பாட்டு மேஜையருகே ஓஸெல்லா லூவினியாவை மடக்கினாள்.

"உண்மையச் சொல்லு. என் புருஷன்தானே சொன்னாரு?"

"அவரா? நீதான் சொன்னே, சிஸ்டர்."

"நான் உனக்கு ஜாதிக்காயே சொல்லலையே!"

"எனக்குச் சொல்லல. எர்லீனுக்குச் சொன்னே. அவளுக்கு மோரைச் சொல்லாம விட்டே, அது எனக்குத் தெரியும். பெர்னிஸுக்கு எலுமிச்சைத் தோலை விட்டே. பாட்டுப் பயிற்சி முடிஞ்சு மூணு பேரும் உக்காந்து பேசினோம், அவ்வளவுதான். எல்லாருக்கும் ஒரே சாமானை விட்டிருந்தீன்னா செத்தாலும் கண்டுபிடிச்சிருக்க மாட்டோம்."

மேஜையே குலுங்கிச் சிரித்தது. ஓஸெல்லா தொப்பியைக்கூடக் கழற்றாமல் வீட்டுக்கு விரைந்தாள். நானும் பின்னால் ஓடினேன். கிளியோபஸ் பெட்டியை மூடிக்கொண்டிருந்தார்.

"தப்பு என்மேலதான். அடுப்படிக்கு வாங்க," என்றாள்.

வந்தார். அவர் கண்ணெதிரே ஒவ்வொன்றாக அளந்து, சத்தமாகச் சொல்லிச் சொல்லிப் போட்டாள். மோர், ஜாதிக்காய், எலுமிச்சைத் தோல், எல்லாமே. வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு மனிதருக்கு முழுதாகச் சொன்னாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

சூடாக ஒன்றை அவர் கையில் வைத்தாள். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இதுல எத விட்டே, ஓஸெல்லா?"

கிண்டலாகக் கேட்கவில்லை.

"ஒண்ணுமில்லைங்க. சத்தியமா."

அவர் கேக்கைத் தட்டில் திரும்ப வைத்துவிட்டு, பெட்டியை எடுத்துக்கொண்டார்.