பபூன் சுமந்த கூடை

இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில், வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் எட்டாம் காம்பராக் காத்தாயி, வாய் செத்தவள் என்று பேர் வாங்கியவள். கொழுந்து மலையில் மற்றப் பெண்கள் ஊர்க்கதை பேசும்போது, அவள் பாட்டுக்குப் பறித்துக்கொண்டிருப்பாள். அவளைப் பற்றி அப்படிச் சொன்னவர்களில் நானும் ஒருவன்.

1934இல் இந்தியாவிலிருந்து ஒரு நாடகக் கம்பெனி பக்கத்து டவுன் அட்டனுக்கு வந்தது. கொட்டகை போட்டுக் கொடுத்தவர் துணிக்கடை முதலாளி சிதம்பரநாதன். ஞாயிற்றுக்கிழமை மத்தியான ஆட்டத்துக்கு நாங்கள் கூட்டமாகப் போனோம். முன்னால் நாற்காலியில் கடைக்காரர்கள், பின்னால் தரையில் நாங்கள். ஐந்து மைல் மழையில் நடந்து வந்ததால், போர்த்தியிருந்த கம்பளியெல்லாம் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

நாடகம் தொடங்கும் முன் பபூன் அழகன் தனியாக நின்று சிரிப்புக் காட்டுவான். அன்று சேலை கட்டி, முதுகில் கொழுந்துக் கூடையோடு வந்தான். "நான் தோட்டக்காட்டுப் பொம்பளை!" என்று மூக்கை உறிஞ்சினான். துரையின் நாய்க்குக் கும்பிடு போட்டான். தபால் பெட்டிக்கும் கும்பிடு போட்டான். முதலாளிமார் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், நானும் சிரித்தேன். கூடச் சேர்ந்து சிரித்துவிட்டால் அந்தக் கேலி நம்மை விட்டு வேறு யார் மேலோ போய்விடும் என்று ஒரு நினைப்பு. கேடுகெட்ட நினைப்பு.

"இவளுக செய்யிறதும் ஒரு வேலையா? மலையில காத்து வாங்கிக்கிட்டு நாலு இலையைக் கிள்ளிப் போடுறாளுக!" என்றான் அழகன்.

காத்தாயி எழுந்தாள். நேரே போய் மேடையில் ஏறினாள்.

"தம்பி, கூடைக் கயித்தைத் தோள்ல மாட்டியிருக்கீங்க. தலையில மாட்டணும். திரும்புங்க."

இதுவும் ஒரு வேடிக்கைதானே என்று அவன் திரும்பினான். கயிற்றை எடுத்து அவன் உச்சந்தலையில் மாட்டிவிட்டு, தரையில் இருந்த பெண்களைப் பார்த்தாள். "கம்பளியைக் கொண்டாங்கடி!"

முதலில் தயங்கினார்கள். பிறகு ஒருத்தி பின் ஒருத்தியாக ஏறி, ஈரக் கம்பளியைக் கூடைக்குள் போட்டார்கள். ஐந்தாவது கம்பளிக்கு அவன் கழுத்து பின்னால் இழுபட்டது. எட்டாவதுக்கு முழங்கால் மடங்கியது.

"இப்பச் சிரிப்புக் காட்டுங்க தம்பி," என்றாள்.

அவன் இரண்டு கையாலும் கயிற்றைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினான். தரையில் இருந்தவர்கள் கொட்டகை அதிரச் சிரித்தோம்.

மறுநாள் காலை, வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டில் பெரிய கங்காணி பழனியாண்டி அவளைத் தனியே நிறுத்தினார். "துணிக்கடை மொதலாளி எங்கிட்ட வந்து கத்துறாரு. வர்ற ஞாயித்துக்கெழமை அதே மேடையில ஏறி, நான் செஞ்சது தப்புன்னு சொல்லணும். இல்லேன்னா ஒனக்கும் ஒம் புருஷனுக்கும் பற்றுச்சீட்டுத்தான்."

தோட்டத்தை விட்டு விலக்கும் அந்தப் பற்றுச்சீட்டு கைக்கு வந்தால் வேலையும் போச்சு, குடியிருக்கிற காம்பராவும் போச்சு. அவள் புருஷன் வீரய்யா கங்காணியின் செருப்புச் சத்தத்துக்கே ஒதுங்கி நிற்கிற ஆள்; அவர் எதைக் கொடுத்தாலும் குனிந்து இரண்டு கையாலும் வாங்குவான். ஆறு நாளும் கெஞ்சினான்.

"ஒரு வார்த்தைதானே புள்ள, சொல்லிட்டு வந்துரு. இந்த மழையில எங்க போயி நிப்போம்?"

அவள் பாட்டுக்குக் கொழுந்து பறிக்கப் போய்வந்தாள். வீரய்யாவைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நானாக இருந்தால் காலிலேயே விழச் சொல்லியிருப்பேன்.

ஞாயிற்றுக்கிழமை கொட்டகையில் எள் போட இடமில்லை. முதலாளிக்குப் பக்கத்து நாற்காலியில் கங்காணி. கழுத்தில் தைலத் துணி சுற்றிக்கொண்டு மேடை ஓரத்தில் அழகன். காத்தாயி ஏறி நடுவில் நின்றாள்.

"போன வாரம் நான் செஞ்சது தப்புத்தானுங்க."

முதலாளி திருப்தியாகத் தலையாட்டினார்.

"கூடையை அரைவாசிதான் நெரப்புனேன்."

முதலில் சிரித்தது வீரய்யா. எழுந்து நின்று, தொடையில் தட்டித் தட்டிச் சிரித்தான். அதற்குப் பிறகு எங்களை யாராலும் அடக்க முடியவில்லை.

மறுநாள் பெரட்டில் கங்காணி பற்றுச்சீட்டை நீட்டினார். வீரய்யா அதை ஒற்றைக் கையால் வாங்கினான்.