வைரவரைக் குடிவைத்தவன்

அந்தக் கட்டடத்தில் வைரவர் இல்லை. அவரை அங்கே குடிவைத்தவன் நான்.

இதை எழுதிவிட்டுக் கொஞ்ச நேரம் கதிரையில் சாய்ந்து காத்திருந்தேன். இடி விழவில்லை. நாய் எதுவும் ஊளையிடவில்லை. குசினிக்குள் மனைவி தேங்காய் திருவும் சத்தம் மட்டும் கேட்டது. ஆனபடியால் தொடர்கிறேன்...

பள்ளிக்கூடக் கட்டடங்களைப் பார்க்கிற தொழில்நுட்ப உத்தியோகத்தன் நான். வீடு சரவணையில். தீவுகள் முழுவதும் என் வேலைத்தளம். வருடாவருடம் மாரி மழைக்கு முன் பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போய், எந்தக் கூரை ஒழுகப்போகிறது, எந்தச் சுவர் வெடிக்கப்போகிறது என்று பார்த்து, உடைவதற்கு முன்பே திருத்தத் திட்டம் போட வேண்டும். வருமுன் காக்கும் பராமரிப்பு என்று இதற்குப் பெயர். அழகான பெயர். என் சொந்தக் குசினியில் ஒழுக்குக்கு வைத்த வாளி இன்னும் அதே இடத்தில்தான் இருக்கிறது.

உடைந்த கட்டடத்துக்காக ஊரே கத்தும். உடையப்போகிற கட்டடத்துக்காக ஒருவரும் கத்தமாட்டார்கள். அதற்காகக் கத்துவதற்கென்றே எனக்குச் சம்பளம். நான் கத்தவில்லை. பகிடி விட்டேன்.

குறிகட்டுவானில் படகேறிப் போகிற தீவுகளில் ஒன்று அது. எது என்று சொல்லமாட்டேன். சொன்னால் அந்தப் பள்ளிக்கூடத்தையும், அதன் பிறகு அங்கே வேலை செய்கிற ஒரு பெண்ணையும் நீங்கள் கண்டுபிடித்துவிடுவீர்கள். பள்ளிக்கூடத்தின் பின்பக்கம், கடலை ஒட்டி ஒரு பழைய மண்டபம். கடலில் வெட்டிய முருகைக்கல் சுவர். அதன்மேல் பிற்காலத்தில் யாரோ கூரையாக ஊற்றிவிட்ட கொங்கிறீற் தட்டு. கடல் மணலில் குழைத்திருக்கிறார்கள். உள்ளே கம்பி துருப்பிடித்து வீங்கி, தட்டின் அடிப்பக்கம் பொரித்த அப்பளம்போலப் பொருமி உதிர்ந்துகொண்டிருந்தது. கதவுகள் எப்போதோ போய்விட்டன. பிள்ளைகள் இடைவேளையில் அதற்குள்தான் ஒளித்துப் பிடித்து விளையாடினார்கள்.

என்ன செய்ய வேண்டும் என்று எனக்குத் தெரியும். ஏணி வைத்து மேலே ஏறி, தட்டைச் சுத்தியலால் இடம் இடமாகத் தட்டிப் பார்க்க வேண்டும். நல்ல கொங்கிறீற் கணீரென்று பேசும். கம்பியை விட்டுக் கழன்ற கொங்கிறீற் பொக்கென்று வெறும் பெட்டிபோலப் பேசும். எவ்வளவு கழன்றுவிட்டது என்று குறித்து, கட்டடத்தை மூடச் சொல்லி அறிக்கை கொடுக்க வேண்டும்.

ஆனால் ஏணி பழையது. என் உடம்பு பெரியது. வெயில் கொளுத்தியது. கடைசிப் படகு எனக்காகக் காத்து நிற்காது...

பிள்ளைகளைக் கூப்பிட்டேன்.

"உதுக்குள்ள விளையாடக் கூடாது. உள்ளுக்கு வைரவர் நிக்கிறார்."

"நீங்கள் கண்டனீங்களோ சேர்?" இடுப்பில் கைவைத்தபடி ஒரு சின்னப் பெட்டை கேட்டாள்.

"காணாமலோ சொல்லுறன்? மேல உலாத்துறவர். சூலத்தாலை தட்டித் தட்டிப் பாப்பார். சத்தம் கேட்டால் ஒருத்தரும் நிக்கப்படாது, சரியோ?"

கவனித்தீர்களா? நான் செய்ய வேண்டிய வேலையை அப்படியே தூக்கி வைரவரிடம் கொடுத்துவிட்டேன். சுத்தியலைச் சூலமாக்கியது மட்டும்தான் என் கற்பனை.

அடுத்த வருடம் போனபோது மண்டபத்துப் புழுதியில் ஒரு காலடி இல்லை. வேலி போட்டிருந்தால் விறகுக்குப் பிடுங்கியிருப்பார்கள். பலகை தொங்கவிட்டிருந்தால் அதை வைத்துக் கிரிக்கெட் விளையாடியிருப்பார்கள். வைரவரை யார் பிடுங்குவது? அலுவலகத்தில் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தேன். அவர்களும் சிரித்தார்கள். திட்டம் போடும்போது அந்த மண்டபம் வந்தால், 'பாவனையில் இல்லை' என்று கடைசியில் தள்ளிவிடுவேன். அது உண்மைதானே? ஒருவரும் உள்ளே போவதுமில்லை, பாவிப்பதுமில்லை. அப்படியே வருடங்கள் போயின. துரு மட்டும் லீவு எடுக்கவில்லை.

பிறகு ஒரு வருடம் புழுதியே இல்லை.

மண்டபம் கூட்டித் துப்பரவாக இருந்தது. நடுவில் ஒரு சூலம். அதன் அடியில் விபூதியும், எரிந்து அணைந்த விளக்கும், செவ்வரத்தம் பூவும். மேலிருந்து உதிர்ந்த கொங்கிறீற் துண்டுகள் சுவரோரமாக ஒழுங்காக ஒதுக்கப்பட்டிருந்தன. தேங்காய்ச் சிரட்டை ஒதுக்கி வைப்பதுபோல.

"ஆர் உதுக்குள்ள போறது?" என்று அதிபரைக் கேட்டேன். என்னைவிட இளையவர், மெதுவாகப் பேசுகிறவர்.

"பவளம் அக்கா, அண்ணை. பிள்ளையளுக்குச் சாப்பாடு சமைக்கிறவ. மத்தியானம் வேலை முடியப் போய் விளக்குக் கொளுத்துவா."

"மறிக்கேல்லையோ நீர்?"

"என்னெண்டு மறிக்கிறது? சனம் என்னைத் தீவை விட்டுக் கலைச்சுப்போடும். வைரவர் நிக்கிறார் எண்டு முதல் சொன்னதே உங்கட ஒப்பீசிலை இருந்து வந்த ஒரு பெரியவராம்."

அந்தப் பெரியவர் கோப்பைத் திறந்து எதையோ தேடினார்.

பவளம் அக்காவின் மகன் நிசாந்தன் வள்ளமேறி அவுஸ்திரேலியாவுக்குப் போனவன். போய்ச் சேர்ந்த செய்தியும் இல்லை, சேராத செய்தியும் இல்லை. கேட்க வேண்டிய இடமெல்லாம் அவள் கேட்டுவிட்டாள். நயினாதீவு அம்மனிடமும் கேட்டாள். பதில் கிடைத்த ஒரே இடம் என்னுடைய மண்டபம்.

என்ன பதில் என்கிறீர்களா? அன்றைக்கு நானே போய் வாசலில் நின்று பார்த்தேன். உச்சி வெயில். அவள் சூலத்துக்கு முன்னால், சரியாகத் தட்டின் நடுப்பகுதிக்குக் கீழே, காலை நீட்டி இருந்தாள். அரட்டை அடிக்கிற குரலில் மேலே பார்த்துக் கேட்டாள்:

"வைரவா, என்ர பிள்ளை இருக்கிறானோ?"

கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. பிறகு மேலே எங்கோ... டொக்.

சுத்தியலால் மெல்லத் தட்டியதுபோல ஒரு சத்தம். சுவர்ப்பக்கம் ஒன்று. பிறகு கொஞ்சம் தள்ளி இன்னொன்று. ஒரு ஆள் அடி அடியாக நகர்ந்து தட்டைப் பரிசோதிப்பதுபோல... நான் ஒருநாளும் செய்யாத அதே ஒழுங்கில்.

வெளியே ஓடிப்போய்க் கூரையைப் பார்த்தேன். ஒரு காகம்கூட இல்லை.

பிறகு படித்ததை நினைத்துத் தைரியம் எடுத்தேன். வெயிலில் கம்பி நீள்கிறது. கழன்ற கொங்கிறீற் இழுபட்டு வெடிக்கிறது. அந்தச் சத்தம்தான். இப்படி எனக்கு நானே சொல்லிக்கொண்டு, அவளிடம் உண்மையைச் சொல்லப் போனேன். நம்புங்கள், அன்றைக்கு எல்லாவற்றையும் சொன்னேன்.

"அக்கா, உதுக்குள்ள வைரவர் இல்லை. பிள்ளையளை வெருட்டுறதுக்கு நான் விட்ட பொய். உது விழப்போற கூரை. எழும்பி வாங்கோ."

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "அப்ப நீங்கள்தானோ அந்தப் பெரியவர்? கொஞ்சம் மெல்லிய ஆளாக்கும் எண்டு நினைச்சன்."

"அக்கா, பகிடியை விடுங்கோ. சத்தம் போடுறது கம்பி. வெயிலுக்கு நீளுற கம்பி."

"கம்பிக்கு என்ர பிள்ளை இருக்கிறான் எண்டு தெரியுமோ, தம்பி?"

"நான் பொய் சொன்னனான் எண்டு நானே சொல்லுறன்..."

"ஓம், நீங்கள் பொய் எண்டு நினைச்சுத்தான் சொல்லியிருப்பியள். அவர் உங்கட வாயாலை சொல்லுவிச்சவர். உங்களுக்கு அது தெரியாது, பாவம்."

இதற்கு நீங்கள் என்ன சொல்லியிருப்பீர்கள்?

தட்டுக்கு முட்டுக் கொடுக்கலாம் என்று மேசன்மாரைக் கேட்டேன். வைரவர் இருக்கிற இடத்துக்குள் பனங்குற்றியைக் கொண்டுபோய் நட ஒருவரும் வரவில்லை. ஒருவன் மட்டும் வடைமாலை சாத்தி உத்தரவு கேட்டால் வருவதாகச் சொன்னான். பிறகு, உத்தரவு கிடைக்கவில்லை என்று செய்தி அனுப்பினான். கதவில்லாத கட்டடத்தைப் பூட்டவும் ஏலாது. இடிக்க வேண்டுமென்றால் அறிக்கை வேண்டும். அறிக்கை வேண்டுமென்றால் மேலே ஏறித் தட்டிப் பார்க்க வேண்டும். கடைசியில் எல்லாம் சுற்றி அந்த ஏணியிலேயே வந்து நின்றது.

மாரி நெருங்கியிருந்தது. தண்ணீர் ஊறினால் தட்டின் பாரம் கூடும். விடியற்காலையிலிருந்து வானம் இருண்டு கிடந்த ஒரு நாள், நான் புது ஏணியும் இரண்டு பலகையும் கொண்டு போனேன். கடல் பக்கமாக ஏணியைச் சாத்தி, சுவருக்குச் சுவர் பலகை போட்டு, அதன்மேல் தவழ்ந்தேன். என்னைப் பார்த்திருந்தால் சிரித்திருப்பீர்கள். கரையொதுங்கிய கடற்பன்றி ஒன்று கையில் சுத்தியலுடன்...

தட்டினேன். பொக். தள்ளித் தட்டினேன். பொக். எங்கே தட்டினாலும் வெறும் பெட்டி. நல்ல சத்தம் ஒன்றாவது கேட்கவேண்டும் என்று தேடித் தேடித் தட்டினேன். வாங்குகிற சம்பளத்துக்கு நான் ஒழுங்காகச் செய்த முதல் வேலை அதுதான் என்று நினைக்கிறேன். அதில் மூழ்கி நேரம் போனது தெரியவில்லை.

"வந்திட்டியோ வைரவா. இண்டைக்கு எனக்கு முதலே வெள்ளண வந்திட்டாய்."

குரல் என் முழங்கால்களுக்கு நடுவிலிருந்து வந்தது. தட்டில் விரல் நுழையுமளவுக்கு ஒரு வெடிப்பு. அதன் வழியே கீழே அவளுடைய நரைத்த உச்சி தெரிந்தது.

அசைந்தால் உடையும் என்ற பயத்தில்தான் முதலில் நிறுத்தினேன். அது சத்தியம். கூப்பிட்டு, "அக்கா, நான்தான், வெளியிலை போங்கோ" என்று சொல்ல வாயைத் திறந்தேன். அதற்கிடையில் அவள் கேட்டுவிட்டாள்.

"என்ர பிள்ளை இருக்கிறானோ?"

சுத்தியல் என் கையில் இருந்தது.

தட்டினால் அவள் நாளைக்கும் வருவாள். மழைக்குள்ளும் வருவாள். கூரை விழுகிற நாளிலும் வந்து இதே இடத்தில் காலை நீட்டி இருப்பாள். தட்டாவிட்டால்... தட்டாவிட்டால் என்ன என்பது எனக்குத் தெரிந்தது. தெரிந்துகொண்டுதான் சுத்தியலை நெஞ்சோடு அணைத்துப் பிடித்தேன்.

"வைரவா?"

வெயில் இல்லை. கம்பி பேசாது. அன்றைக்கு அந்தத் தட்டில் பேசக்கூடியவன் நான் ஒருவன் மட்டும்.

"இவ்வளவு நேரமும் தட்டினனி. நான் கேட்ட உடனை ஏன் நிப்பாட்டினனி?"

மூச்சை அடக்கினேன். கீழே அவளும் மூச்சை அடக்கியிருக்கவேண்டும். கடல்கூடச் சத்தம் போடவில்லை என்றுதான் ஞாபகம்... அது எப்படி முடியும்?

அவள் அழவில்லை. "சரி," என்றாள். சாமான் இல்லை என்று சொன்ன கடைக்காரனுக்குச் சொல்வதுபோல. சேலையைத் தட்டிக்கொண்டு எழுந்தாள். வாசலைத் தாண்டினாள். சமையல் கொட்டிலைத் தாண்டினாள். திரும்பிப் பார்க்கவில்லை.

காப்பாற்றிவிட்டேன் என்று நினைத்தேன். சுத்தியலைப் பையில் போட்டு, வாரையும் கட்டினேன். பலகையில் பின்பக்கமாக நகரத் தொடங்கினேன்.

அப்போதுதான் தட்டியது.

டொக்.

என் இடது கைக்குப் பக்கத்தில். பொக்கென்ற சத்தம் இல்லை. கணீரென்று, முழுக் கல்லில் இரும்பு பட்டதுபோல. நான் அரைநாளாகத் தேடியும் கிடைக்காத நல்ல சத்தம். கையை வைத்துப் பார்த்தேன். ஈரக் காற்றில் கொங்கிறீற் குளிர்ந்து கிடந்தது.

அவள் அப்போது வீதியில் ஏறியிருந்தாள். கூப்பிட்டிருந்தால் கேட்டிருக்கும். நான் கூப்பிடவில்லை.

அறிக்கை கொடுத்தேன். அது மேசை மேசையாக நகர்ந்துகொண்டிருந்தபோதே, அந்த மாரியில், பள்ளிக்கூட நேரத்தில் தட்டு முழுவதுமாக விழுந்தது. கீழே ஒரு சூலம் மட்டும் இருந்தது. கூட்டத்தில் என்னைப் பாராட்டினார்கள். முன்னெச்சரிக்கை என்றால் இதுதான் என்று மேலதிகாரி சொன்னார். மாலைகூடப் போட்டார்கள். கழுத்தில் அது கிடந்த நேரம் முழுவதும் நான் மேலே பார்த்துக்கொண்டிருந்தேன். கூட்டம் நடந்த மண்டபத்துக் கூரை நல்ல கூரை.

பவளம் அக்கா கீரிமலையில் மகனுக்கு அந்தியேட்டிக் கிரியை செய்தாள். உடல் இல்லாததால் தர்ப்பையில் உருவம் செய்து, தன் தம்பியின் மகனைக் கொண்டு எல்லாம் செய்வித்தாள். எனக்கும் சொல்லி அனுப்பியிருந்தாள். போனேன். சாப்பிட்டேன். மரக்கறி நன்றாக இருந்தது. இரண்டாம் முறையும் போட்டுச் சாப்பிட்டேன். நான் அப்படிப்பட்டவன் என்பதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

கை கழுவப் போனபோது பக்கத்தில் வந்து நின்றாள்.

"பொய் எண்டு சொன்னனீங்கள் தம்பி. ஆனா அவர் கடைசியா எனக்கு மெய்தான் சொன்னவர். இருந்தால் தட்டியிருப்பார்."

"அக்கா..."

"இப்ப இரவிலை நித்திரை வருது. முந்தி வாறேல்லை."

அந்தச் சத்தத்தைப் பற்றி அவளிடம் நான் சொல்லவில்லை. அது கம்பியா, வேறேதாவதா என்று எனக்குத் தெரியாது. வெயில் இல்லாத நாளில் கம்பி ஏன் நீளவேண்டும்? அவள் கேட்டு எவ்வளவு நேரத்துக்குப் பிறகு வந்தால் பதில் பதிலாகும்? எங்கோ ஒரு நாட்டில், பெயர் மாற்றி, ஒரு தடுப்பு முகாமில், அல்லது ஒரு சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டு ஒருவன் இருக்கிறானா? அவனுடைய அந்தியேட்டியிலா நான் மரக்கறியோடு சோறு தின்றேன்?

சொன்னால் அவள் நித்திரை போய்விடும். சொல்லாவிட்டால் அவளுடைய பிள்ளை செத்தவனாகவே இருப்பான். உங்களுக்குச் சொல்வது சுலபம். நீங்கள் அந்தத் தீவுக்குப் போகமாட்டீர்கள்.

வருகிற கிழமை நான் போகிறேன். புதிய வகுப்பறைக்கு அத்திவாரம் வெட்டுகிறார்கள். மத்தியானச் சாப்பாட்டுக்கு நிற்கச் சொல்லி அவள் சொல்லி அனுப்பியிருக்கிறாள்.