மாமா கீறிய நட்சத்திரங்கள்

போன கிழமை அலுமாரியை ஒதுக்கும்போது மாமாவின் கொப்பி கையில் அகப்பட்டது. மாமா என்றால் என் கணவரின் அப்பா. நாளுக்கு ஒரு நட்சத்திரம், ஐந்து முனை. பக்கத்தில் அன்றைக்கு எத்தனை தரம் பாணி மருந்து குடித்தார் என்ற குறிப்பு. அரசாங்கக் கந்தோரில் முப்பது வருடம் வரைபடம் கீறியவர் அவர். அடிமட்டம் இல்லாமலே கோடு நேராக விழும். அவர் போய் இத்தனை வருடமாகியும் அந்தக் கொப்பியைத் திறந்து பார்க்க அதுவரை எனக்குத் துணிவு வந்ததில்லை.

நட்சத்திரம் கீறச் சொன்னது டொக்டர். நீரிழிவோடு கிடந்து கிடந்து மாமாவின் ஈரல் சுருங்கிவிட்டிருந்தது. ஈரல் கழிக்க வேண்டிய நஞ்சு இரத்தத்தோடு மூளைக்குப் போனால் பேச்சுக் குழறும், கை உதறும், ஆள் தடுமாறுவார். அதற்கு முதலே எழுத்தும் படமும் கோணத் தொடங்கும் என்று விளங்கப்படுத்தினார். அந்த நஞ்சு வயிற்றோடு போவதற்குத்தான் தித்திப்பான பாணி. மூன்று வேளையும் குடிக்க வேண்டும், இரண்டு மூன்று தரம் கக்கூசுக்கு ஓடவும் வேண்டும். ஆனால் மாமாவை அரித்த கவலை வேறு. வாழ்நாளில் ஒரு சொட்டுச் சாராயம் தொடாத மனிதர் அவர். நாங்கள் இருந்த வெள்ளவத்தையில் ஈரல் வருத்தம் என்று வாயெடுத்தால் போதும், "ஓ... அப்பிடியோ?" என்று ஓர் இழுவை இழுப்பார்கள். அந்த இழுவையில் மாமா கூனிக் குறுகிப் போவார். "பிள்ளை, நான் செத்தாலும் பரவாயில்லை. குடிச்சுச் செத்தவன் எண்டு ஒருத்தரும் சொல்லக்கூடாது" என்று என்னிடம் எத்தனையோ தரம் சொல்லியிருக்கிறார்.

அந்த நேரத்தில்தான் மச்சாளின் மகளுக்கு, அதாவது மாமாவின் பேத்திக்கு, கொள்ளுப்பிட்டியில் ஒரு மண்டபத்தில் கலியாணம் வந்தது. முதல் நாள் காலையில் மாமாவிடம் சொன்னேன்: "இண்டைக்கும் நாளைக்கும் பாணியை விடுங்கோ மாமா. மண்டபத்தில கக்கூஸ் கீழ்மாடியில. வேட்டியோட ஓடித் திரிய ஏலாது." அவர் தயங்கினார். "டொக்டர் விடக்கூடாதெண்டல்லோ சொன்னவர்?" என்றார். "ரெண்டு நாளில ஒண்டும் வராது" என்றேன். பெரிய வைத்தியச்சி நான்! உண்மையைச் சொன்னால், அவருடைய வசதிக்காக மட்டும் நான் அதைச் சொல்லவில்லை. புதுச் சேலையைக் கட்டிக்கொண்டு அவரைப் படியால் ஏற்றி இறக்க எனக்குப் பஞ்சி, அலுப்பு. கலியாணத்தன்று காலையில் அவர் கீறிய நட்சத்திரத்தின் ஒரு கால் மற்றதோடு சேரவில்லை. நான் பார்த்தேன். "என்ன மாமா, இண்டைக்கு நட்சத்திரத்துக்கும் அவசரமோ?" என்று பகிடி விட்டேன். அவர் சிரித்தார், ஆனால் கொஞ்சம் பிந்தித்தான் சிரித்தார்.

தாலி கட்டி முடிந்து, அறுகரிசி போட்டு வாழ்த்த மூத்தவர் என்று மாமாவைத்தான் முதலில் மணவறைக்குக் கூப்பிட்டார்கள். தள்ளாடிக்கொண்டே ஏறினார். தட்டில் இருந்த அரிசியை அள்ளினார். கை இரண்டு மூன்று தரம் விசுக்கென்று உதறியது. அரிசி பாதி நிலத்தில் கொட்டுண்டது. மீதியை என்ன செய்வதென்று தெரியாமல் உள்ளங்கையையே பார்த்தவர், பேத்தியின் தலையில் போடாமல் தன் வாயில் போட்டுச் சப்பத் தொடங்கினார். முன் வரிசையில் யாரோ "காலமையே தொடங்கிட்டார் போல" என்றார்கள். வீடியோக்காரப் பெடியன்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். "அவர் குடிக்கிறேல்லை! அவருக்கு வருத்தம்!" என்று கத்தினேன். நாதஸ்வரமும் தவிலும் முழங்கிய சத்தத்தில் யாருக்கு அது கேட்டது? மச்சாள் முகம் சிவக்க மேலே ஓடி, அவரைக் கையில் பிடித்து இறக்கினாள்.

மண்டபத்திலிருந்து நேரே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். இரண்டு நாள் அரை நினைவில் கிடந்து, வயிற்றைக் கழுவிய பிறகு மூன்றாம் நாள் தெளிந்தார். கட்டிலைச் சுற்றி என் கணவர், மச்சாள், நான். "பாணியை நிப்பாட்டினது ஆர்?" என்று இளம் டொக்டர்ப் பெண் கேட்டாள். மாமா கண்ணைத் திறந்து, என் பக்கம் திரும்பாமல், "நான்தான் மறந்து போனன், டொக்டர்" என்றார்.

நான் வாயைத் திறக்கவில்லை. பாவி நான். அன்றிலிருந்து மாமா எல்லாருக்கும் மறதிக்காரர். வீட்டுக் கதவின் திறப்பை அவரிடமிருந்து வாங்கிக்கொண்டார்கள். பின்னேரங்களில் ரெயில் பாதையைக் கடந்து கடற்கரைக்குத் தனியே நடந்து போய் வருவார்; அதையும் மறித்தார்கள். "சொன்னால் மறந்திடுவார்" என்று அவர் முன்னாலேயே கதைத்தார்கள். கந்தோரில் எந்தப் படம் எந்த மேசை லாச்சியில் என்று கண்ணை மூடிக்கொண்டு சொன்ன மனிதர், அதையெல்லாம் கேட்டுக்கொண்டு இருந்தார். ஒருநாள் பாணியை நீட்டும்போது நான் அழுதுவிட்டேன். "மாமா, நான் அவையளிட்டச் சொல்லப் போறன்" என்றேன். அவர் ஒரே மடக்கில் குடித்துவிட்டுக் கரண்டியைத் தந்தார். "பேசாமல் இரும் பிள்ளை. எனக்கு இன்னும் கொஞ்ச நாள்தான். நீர் இவையளோட கனகாலம் இருக்கவேணும்." பத்து மாதத்தில் போய்விட்டார். செத்தவீட்டிலும் அந்த இழுவை கேட்டது. அந்தக் கலியாணத்தில் தள்ளாடியதைக் கண்டவர்கள்தான் இழுத்தார்கள்.

போன கிழமை அந்த நாளின் பக்கத்தை எடுத்தேன். கால் சேராத நட்சத்திரம் அப்படியே இருந்தது. பாணிக் கணக்கு வெறுமையாக இருக்கும் என்று நான் நினைத்த இடத்தில், ஆஸ்பத்திரியால் வந்த பிறகு எழுதியிருக்க வேண்டும், நேர் நேரான எழுத்தில் ஒரு வரி: "பாணி குடிக்க மறந்துபோனேன்." நான் இருக்கும் வரைக்கும் என்னை ஒருவரும் குற்றம் பிடிக்கக்கூடாதென்று ஆதாரம் வேறு எழுதி வைத்திருக்கிறார்!

மேசைக்கு முன்னால் இருந்து நெடுநேரம் அழுதேன். பிறகு பேனையை எடுத்து அந்த வரியின் கீழே எழுதினேன்: "மாமா மறக்கவில்லை. விடச் சொன்னது நான்." எழுத்து, அவருடைய அன்றைய நட்சத்திரத்தைப் போலவே கோணலாக விழுந்தது. கொப்பியை மூடாமல், முன்னறையில் செய்தி பார்த்துக்கொண்டிருந்த என் கணவரைக் கூப்பிட்டேன்.

"இஞ்சாருங்கோ, ஒருக்கா இஞ்ச வாங்கோ."