அன்னக்கரைப் பட்டு

பொய் சொல்வது எங்கள் குடும்பத்தில் வழக்கமில்லை. என் வாழ்நாளில் ஒரே ஒரு பொய் சொன்னேன். அதன்பின் நடந்ததை ஒன்றுவிடாமல் எழுதுகிறேன். நம்புவதும் நம்பாததும் உங்கள் பாடு.

வருஷம் 1931. ராயபுரத்தில் எனக்குக் கருப்பட்டி மொத்த வியாபாரம். என் மகள் செல்லக்கனி நிச்சயித்த கல்யாணத்தை உதறிவிட்டு, திருவொற்றியூரில் அருள்பிரகாசம் என்பவன் எடுத்த ஊமைப் படத்தில் நடிக்கப் போய்விட்டாள். யூதர்களின் பழங்கதையாம். ஏவாளுக்கு முன்பே ஆதாமுக்கு லிலித் என்றொரு மனைவி. அடங்க மறுத்துக் கடலுக்குப் போனாளாம். மூன்று தேவதூதர்கள் போய் அழைத்தும் திரும்பவில்லையாம். எங்கள் கிறிஸ்தவ வேதத்தில் இல்லாத பெண்!

நானும் மூன்று பேரை அனுப்பினேன். கடைசியாகப் போன மைத்துனன் ராசையா தலையைச் சொறிந்தான்.

"'அடங்கி நடக்கதுக்கு வேற பிள்ளையப் பாக்கச் சொல்லுங்க'ங்கா, அத்தான்."

மகள் பேதியில் செத்தாள் என்று ஊருக்குச் சொன்னேன். பேதிச் சாவு என்பதால் யாரும் சவப்பெட்டியைத் திறக்கச் சொல்லவில்லை. உள்ளே கனத்துக்கு இரண்டு சிப்பம் கருப்பட்டி. மேலே அவளுக்கு எடுத்த அன்னக்கரை போட்ட கூறைப்பட்டு. என் கையாலேயே ஆணி அடித்தேன்.

படம் வெளியானால் செத்தவள் திரையில் நடமாடுவாள். குடும்ப மானம் போய்விடும். படச்சுருளைப் பறித்து எரிக்கப் போனேன். வெள்ளிக்கிழமை, பகல் மூன்று பத்து.

"பாத்துட்டு அப்பால கொளுத்து நைனா," என்றான் அருள்பிரகாசம். "பொண்ணு இன்னாமா நடிச்சிகீது!"

ஜன்னல்களை அடைத்தான். கருவியின் கைப்பிடியைச் சுழற்றினான்.

கிர்ர்... கிர்ர்...

திரையில் அலைகள் பின்னோக்கி ஓடின. எண்ணூர்க் கடல். இடுப்பளவு நீரில் கனி. 'திரும்பி வா' என்று எழுத்து வந்தது. மாட்டேன் என்று தலையாட்டினாள். மறுபடி எழுத்து. மறுபடி மாட்டேன். மூன்றாம் முறையும்.

அப்போதுதான் சேலையைக் கவனித்தேன்.

அன்னக்கரை.

மண்ணுக்குள் இருக்கும் பட்டு...

"நிறுத்துடா!"

"எப்பவோ வுட்டேன் நைனா..."

அவன் குரல் என் தோளருகே கேட்டது.

கைப்பிடி தானாகச் சுழன்றது.

கிர்ர்... கிர்ர்...

கனி என்னையே பார்த்தாள்.

"வீட்டுக்கு வந்துரு, தாயி... கல்யாணம் வேண்டாம்... ஒன் இஷ்டம்போல இரு..."

நான் யாரிடமும் கெஞ்சியதில்லை.

தலையாட்டினாள்.

மாட்டேன்.

திரை வெள்ளையானது.

வெளிச்சத்துக்கு வந்தபின் அருள்பிரகாசம் சொன்னான்: "நான் எடுத்தது வெள்ள நூல் சேலைல நைனா. கடசி சீன் முட்ச்சிட்டு, கடலோரமா எண்ணூர் பக்கம் நடந்து போச்சு. அப்பால வரவேயில்ல. போன மாசம் பதினெட்டாந்தேதி."

நான் பெட்டியைப் புதைத்த நாள்.

மறுநாள் காலை ராசையாவை வைத்துக்கொண்டு குழியைத் தோண்டினேன். அடித்த ஆணி அடித்தபடி இருந்தது. கருப்பட்டி பொட்டு ஈரமில்லாமல் உலர்ந்து கிடந்தது.

பட்டு மட்டும் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

விரலை நாக்கில் வைத்தேன்.

உப்பு.